அமீனா எழுதிய பத்தரை மணி

கோர்ட் உத்தரவுகளில் பெரும்பாலானவை எதையாவது செய்யச் சொல்பவை. பணத்தைக் கட்டு, கடையைக் காலி செய், இன்ன தேதியில் வந்து நில். தடை உத்தரவு மட்டும் வேறு ரகம். இருப்பது இருக்கிறபடி இருக்கட்டும், விசாரித்துச் சொல்கிறோம், அதுவரை கை வைக்காதே என்கிறது. நீதிபதி கையெழுத்துப் போட்டுவிட்டார் என்பதற்காக ஊரில் யார் கையும் தானாக நின்றுவிடுவதில்லை. அந்தத் தாளை ஒருவர் பஸ் ஏறிக் கொண்டுபோய், நிற்க வேண்டிய கையில் கொடுத்தாக வேண்டும்.

அந்த வேலையைத்தான் இருபத்தாறு வருடமாக அவர் செய்துவந்தார். பதவியின் பெயர் அமீனா. தெருக்களில் வைத்த பெயர் பசைக்காரர். தாளை வாங்க மறுக்கிறவர்களின் கதவில் ஒட்டிவிட்டு வர வேண்டும் என்பது விதி; அதற்காகத் தோள்பையில் எப்போதும் ஒரு பசை டப்பாவும் தேய்ந்த தூரிகையும் இருக்கும். “பேருதான் பசைக்காரரு, சம்பளம் வந்தா பையில ஒட்ட மாட்டேங்குது” என்பாள் அவர் மனைவி.

ஒல்லியான உடம்பு, நிதானமான நடை. கதவை ஒரே ஒரு முறை தட்டுவார். தட்டிவிட்டு இரண்டு அடி பின்னால் வந்து நிற்பார். கதவைத் திறக்கிறவர்களுக்கு முகம் மாற்றிக்கொள்ளக் கொஞ்சம் இடம் வேண்டும் என்பது அவர் கணக்கு. ஒரு முறை மூடிய கதவுக்குப் பின்னாலிருந்து வீட்டுக்காரரே, “நான் இல்லை” என்று குரல் கொடுத்தார். “சரிங்க, வந்தா சொல்லுங்க” என்று பதில் சொல்லிவிட்டு, இவர் ஒட்டிவிட்டு வந்தார்.

கோர்ட்டின் பின்கட்டில் அமீனாக்களுக்கு ஓர் அறை. நான்கு பேருக்கு ஒரு நீள மேசை. அதன் மீது வருடக்கணக்காகச் சிந்திக் காய்ந்த பசையில் எந்தத் தாளை வைத்தாலும் லேசாக ஒட்டிக்கொள்ளும். எடுக்கும்போது சர்ரென்று சத்தம் வரும். தாளைக் கொடுத்ததற்கு ஓர் அறிக்கை எழுத வேண்டும்: இன்ன தேதி, இன்ன இடம், இத்தனை மணி, இன்னார் வாங்கினார் அல்லது கதவில் ஒட்டினேன். வாசலில் நின்று எழுதவேண்டிய அறிக்கை அது. ஆனால் வாசலில் நின்று எழுதிப் பார்த்தவர்களுக்குத் தெரியும். ஒருவர் பேனாவைப் பிடுங்கி எறிவார், ஒருவர் வீட்டு நாய் சும்மா இருக்காது, மழை வேறு. அதனால் காலையிலேயே மேசையில் உட்கார்ந்து, நேரம் உட்பட எல்லாவற்றையும் நிரப்பிக்கொண்டு, வாங்கினாரா ஒட்டியதா என்ற ஒரு வரியை மட்டும் காலியாக விட்டுக்கொண்டு கிளம்புவது அவர் பழக்கம். எந்த பஸ் எத்தனை மணிக்கு எங்கே போய்ச் சேரும் என்பது அவருக்கு மனப்பாடம். பத்து நிமிடத்துக்கு மேல் தவறாது. தவறினாலும் யார் கேட்கப்போகிறார்கள்? மூன்று வாரம் கழித்து ஆஜராகச் சொல்லும் சம்மனை ஒருவர் பத்து மணிக்கு வாங்கினால் என்ன, பதினொன்றுக்கு வாங்கினால் என்ன.

தடை உத்தரவில் மட்டும் நிமிடத்துக்கு விலை உண்டு. அதை அறியாதவரல்ல அவர். ஆனால் இத்தனை வருடத்தில் அந்த விலையை யாரும் அவரிடம் கேட்டதில்லை.

கேட்கும்படி வந்தது அட்டைப்பெட்டிக்காரம்மாவின் வழக்கு. ஊர் ஓரத்தில் தகரக் கூரை போட்ட ஒரு கூடத்தில் ஏழு பேரை வைத்து அட்டைப்பெட்டி செய்கிற பெண். செருப்புக் கம்பெனி ஒன்று வருடம் முழுவதும் பெட்டி எடுப்பதாக ஒப்பந்தம் போட்டது. அதை நம்பி, அட்டையை வெட்டி மடிப்புக் கோடு போடும் பெரிய மிஷின் ஒன்றைக் கடனில் வாங்கினார். செருப்புக் கம்பெனி பெட்டிகளை எடுத்துக்கொண்டு பணத்தை இழுத்தடித்தது. தவணை நான்கு நின்றது. கடன் கொடுத்த நிதி நிறுவனம் மிஷினைத் தூக்கிக்கொண்டுபோக ஆள் அனுப்பப் போகிறது என்று தெரிந்ததும், அவர் கோர்ட்டுக்கு வந்தார். விசாரணை முடியும்வரை மிஷினைக் கூடத்திலிருந்து எடுக்கக் கூடாது என்று ஒரு மாலையில் இடைக்காலத் தடை கிடைத்தது. மறுநாள் காலை ஒன்பதரைக்கு, நிதி நிறுவனத்துக்குக் கொடுக்க வேண்டிய தாள் தயாரானது. மேலே சிவப்பில் ‘அவசரம்’ என்று முத்திரை.

அமீனா வழக்கம்போல அறிக்கையை நிரப்பினார். நேரம்: பத்தரை. பஸ்ஸும் சரியாகவே வந்தது. ஆனால் நிதி நிறுவனத்துக்கு இரண்டு நிறுத்தம் முன்னால் ஒரு பலசரக்குக் கடைக்காரருக்கு வாடகை பாக்கி நோட்டீஸ் ஒன்று கொடுக்க வேண்டியிருந்தது. அதை முடித்துவிட்டால் மதிய வெயிலில் திரும்ப வரவேண்டாம். இறங்கினார். கடைக்காரர் மாடியில் குளித்துக்கொண்டிருந்தார். இதோ வருகிறார், இதோ வருகிறார் என்று இருபது நிமிடம். பிறகு அடுத்த பஸ்ஸுக்கு ஒரு காத்திருப்பு.

நிதி நிறுவனத்தின் கிளை இரண்டாவது மாடியில் இருந்தது. வசூல் மேலாளர் வழுக்கைத் தலையும் கலகலப்பான பேச்சும் உள்ள மனிதர். பாக்கிக்காரர்களைக்கூட ‘அண்ணா’, ‘அக்கா’ என்றுதான் கூப்பிடுவார். கூப்பிட்ட பிறகு விடமாட்டார். தாளைக் கையெழுத்துப் போட்டு வாங்கிப் படித்துவிட்டு நிமிர்ந்தார்.

“அடடா, அமீனா சார். இப்பதான் போன் வந்துச்சு, மிஷின ஏத்திக்கிட்டு வண்டி பத்து அம்பதுக்கே கிளம்பிடுச்சாம். சாமி வரம் குடுத்தாலும் பூசாரி குடுக்கணும்னு சொல்வாங்களே, பூசாரி கொஞ்சம் லேட்டாயிட்டீங்க.”

அமீனா அவர் தலைக்கு மேலிருந்த கடிகாரத்தைப் பார்த்தார். பதினொன்றேகால். அறிக்கையில் காலியாக இருந்த வரியில் ‘நேரில் பெற்றுக்கொண்டார்’ என்று எழுதினார். மேலே இருந்த நேரத்தைத் திருத்தவில்லை. திருத்த வேண்டும் என்று தோன்றவில்லை என்றுதான் பிற்பாடு மனைவியிடம் சொன்னார். தோன்றியதா இல்லையா என்பது அவருக்கே உறுதியாகத் தெரிந்திருக்கும் என்று சொல்ல முடியாது.

அன்று காலை வண்டி கிளம்புமுன் கூடத்தில் நடந்ததும் பின்னால் தெரியவந்தது. அட்டைப்பெட்டிக்காரம்மா வண்டியை மறித்துக்கொண்டு, “ஸ்டே இருக்கு, தொடாதீங்க” என்று கத்தியிருக்கிறார். வந்தவர்கள் கூலிக்கு மிஷின் தூக்குகிறவர்கள். “போற எடத்துல எல்லாம் இதத்தான்க்கா சொல்றாங்க. தாள் எங்க?” என்று கேட்டிருக்கிறார்கள். அவருடைய நகல் மதியம்தான் தயாராவதாக இருந்தது. 

இரண்டு வாரத்தில் அவருடைய வக்கீல் ஒரு மனு போட்டார். பத்தரைக்கு உத்தரவை வாங்கிக்கொண்டு, பத்து ஐம்பதுக்கு மிஷினைத் தூக்கியிருக்கிறார்கள். இது கோர்ட்டை மீறிய செயல். மேலாளரைச் சிறைக்கு அனுப்ப வேண்டும், மிஷினைத் திருப்பிக் கொடுக்க உத்தரவிட வேண்டும். ஆதாரம், அமீனாவின் அறிக்கை. மேலாளர் பதினொன்றேகால் என்று சத்தியம் செய்தார். கையெழுத்துப் போட்டவர் பக்கத்தில் நேரம் போடவில்லை, யாரும் போடுவதில்லை. கோர்ட் ஊழியரின் எழுத்துக்கு எதிராகக் கடன் வசூலிப்பவரின் வாய்ச்சொல். யார் சொல் நிற்கும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை.

சாட்சி சொல்லவேண்டிய நாளுக்கு முந்தின சாயங்காலம், அந்த வக்கீலின் குமாஸ்தா அமீனாவின் வீட்டுக்கு வந்தார். இரண்டு அறை வீடு. அமீனாவின் மனைவி மருந்துக்கடையில் பில் போடுகிறவள். அப்போதுதான் வேலையிலிருந்து வந்து காபி போட்டுக் கொடுத்தாள்.

“அண்ணே, நாளைக்கு உங்களுக்கு ரெண்டு நிமிஷ வேலைதான். அறிக்கையக் காட்டுவாங்க. நீங்க எழுதினதான்னு கேப்பாங்க. ஆமான்னுட்டு எறங்கி வந்துடலாம்.”

“நேரத்தப் பத்திக் கேப்பாங்களா?”

“அதான் எழுதியிருக்கே. பத்தரை. பேப்பர்ல இருக்குறத எவன் கேக்கப்போறான்?”

“நான் போனது பதினொண்ணேகாலுக்கு.”

குமாஸ்தா தம்ளரைக் கீழே வைத்தார். “அண்ணே, இது என் காதுல விழல. எனக்குக் காது மந்தம்னு கோர்ட்டுக்கே தெரியும்.”

“சக்கரை போதுமான்னு உள்ள இருந்து கேட்டேன், அது மட்டும் எப்படி விழுந்துச்சு?” என்றாள் மனைவி.

குமாஸ்தா சிரித்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். “யோசிச்சுப் பாருங்கண்ணே. நீங்க சும்மா இருந்தா அந்தம்மாவுக்கு மிஷின் திரும்பி வரும். உங்க வேலைக்கும் ஒரு குறையும் வராது. அந்த மேலாளரு எத்தன பேர் வயித்துல அடிச்சவன். பத்து நாள் உள்ள இருந்தா குடியா முழுகிடும்?”

“அவன் யோக்கியன்னு நான் சொல்லலியே. இத அவன் பண்ணலங்கிறேன்.”

“இதப் பண்ணலன்னா வேற எதையாவது பண்ணியிருப்பான். அதுக்குன்னு வெச்சுக்குங்க.”

அவர் போன பிறகு மனைவி துணிகளை மடித்துக்கொண்டே கேட்டாள். “எங்க கடையிலகூட மருந்த எடுத்துக் குடுத்தப்புறம்தான் பில்லு. நீங்க என்ன, முதல்லயே பில்லப் போட்டுட்டு மருந்து தேடிக்கிட்டுப் போயிருக்கீங்க?”

“எல்லாரும் அப்படித்தான் போடுறோம்.”

“சரி. அந்தம்மாவுக்கு மிஷின் போனது யாரால?”

“என்னாலதான். நேரா போயிருந்தா பத்தரைக்குத் தாள் கையில இருந்திருக்கும். ஒரு போன்ல வண்டி நின்னிருக்கும்.”

“இப்ப உண்மையச் சொன்னா அவங்களுக்கு என்ன லாபம்?”

“ஒண்ணுமில்ல.”

“நமக்கு?”

“சம்பள உயர்வ நிறுத்துவாங்க. அதுக்கு மேலயும் ஆகலாம்.”

“அப்ப யாருக்குங்க லாபம்?”

“மேலாளருக்கு.”

“ரொம்ப நல்லாயிருக்குங்க உங்க கணக்கு” என்று மடித்த துணியைத் தட்டி வைத்தாள். ஆனால் சொல்லாதீர்கள் என்று அவள் சொல்லவில்லை. அவர் பையிலிருந்த தூரிகையை எடுத்துத் துடைத்துக்கொண்டே பேசினார்.

“நான் தட்டினேன்னு எழுதினா தட்டினதுதான். தட்டலன்னாலும் தட்டினதுதான். அதுக்கு மேல ஒருத்தனும் கேக்க மாட்டான். இவ்ளோ நாள் அது சவுகரியமா இருந்துச்சு. இப்பதான் பயமா இருக்கு.”

இதை நேர்மை என்று உடனே சொல்லிவிட முடியாது. நேர்மையானவர் இருபத்தாறு வருடம் நேரத்தை முன்கூட்டி எழுதியிருக்க மாட்டார். சிவப்பு முத்திரை போட்ட தாளைப் பையில் வைத்துக்கொண்டு வாடகை நோட்டீஸ் கொடுக்க இறங்கியிருக்கவும் மாட்டார். தன் கையெழுத்துக்கு எவ்வளவு பலம் உண்டு என்பதை, அது ஒரு மனிதனைச் சிறைக்குத் தள்ளப்போகிறது என்ற நிலையில்தான் அவர் முதன்முதலாகப் பார்த்தார். பார்த்ததை அவரால் பார்க்காததாக ஆக்கிக்கொள்ள முடியவில்லை, அவ்வளவுதான்.

மறுநாள் கூண்டில் ஏறினார். அட்டைப்பெட்டிக்காரம்மா மூன்றாவது வரிசையில், வழக்குக் காகிதங்களைத் தான் செய்த பெட்டி ஒன்றிலேயே அடுக்கி மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அறிக்கை தன்னுடையதுதான் என்று அமீனா சொன்னார். நிதி நிறுவனத்தின் வக்கீல் எழுந்தார். சாட்சியின் கைக்கடிகாரத்தைக் குறைசொல்வதைத் தவிர அவரிடம் வேறு வழி இருக்கவில்லை. அதற்குப் படிக்கட்டாக ஒரு சாதாரணக் கேள்வியில் ஆரம்பித்தார்.

“இந்த நேரத்த எங்க வெச்சு எழுதினீங்க?”

“கோர்ட்லயே. எங்க ரூம் மேசையில.”

“நீங்க கட்டியிருக்கிற வாட்ச் சரியா ஓடுமா?” என்று அடுத்த கேள்வியைக் கேட்டுவிட்டுத்தான் வக்கீலுக்கு முந்தின பதில் உறைத்தது. வாயைத் திறந்தபடி நின்றார்.

நீதிபதிக்கு அன்று ஜலதோஷம். கைக்குட்டையை எடுத்து மூக்கைத் துடைத்துவிட்டு அவரே கேட்டார். “மேசையிலன்னா? எத்தன மணிக்கு எழுதினீங்க?”

“ஒன்பதே முக்கால் இருக்கும்யா.”

“ஒன்பதே முக்காலுக்கு உக்காந்து, பத்தரைக்குக் குடுத்தேன்னு எழுதினீங்க?”

“ஆமாங்கய்யா.”

“நிஜமா எப்பக் குடுத்தீங்க?”

“பதினொண்ணேகால். வழியில வேற ஒரு நோட்டீஸ் குடுக்க எறங்கிட்டேன். அது என் தப்புங்கய்யா.”

“இங்க எல்லாருமே இப்படித்தான் எழுதுறீங்களா?”

“நான் அப்படித்தான் எழுதுவேங்கய்யா.”

பின் வரிசையில் நின்றிருந்த மற்ற மூன்று அமீனாக்களும் மூச்சை விட்டார்கள். 

வெளியே தாழ்வாரத்தில் அட்டைப்பெட்டிக்காரம்மா அவரை வழிமறித்தார். குரல் உயரவில்லை.

“ஒண்ணு கேக்கலாமா சார்? அன்னைக்கு நீங்க நேரா போயிருந்தா என் மிஷின் நின்னிருக்கும். இன்னைக்கு வாய மூடிக்கிட்டிருந்தா திரும்பி வந்திருக்கும். ரெண்டு நாளும் நீங்கதான்.”

“ஆமாம்மா.”

“ரெண்டு நாளும் உங்களுக்கு வேற சோலி இருந்திருக்கு. அன்னைக்கு எவனோ ஒருத்தன் வாடகை. இன்னைக்கு உங்க மனசாட்சி. உங்க மனசாட்சிக்கு நான் தவணை கட்டணுமா சார்?”

அவரிடம் பதில்கள் இல்லாமலில்லை. இருந்தவை எல்லாம் தன்னை நல்லவராகக் காட்டும் பதில்கள். அவற்றைச் சொல்லாமல் நின்றார். அவர் நின்றுகொண்டே இருந்ததைப் பார்த்து, அந்தம்மாவே பெட்டியை இடுப்பில் இடுக்கிக்கொண்டு படியிறங்கிப் போனார்.

நீதிபதியின் முடிவு பத்து நாளில் வந்தது. தாள் கைக்கு வருமுன் வண்டி கிளம்பிவிட்டது. கூலிக்காரர்களிடம் சொன்ன வாய்ச்சொல் மேலாளர் காதுக்குப் போனதற்கு நிரூபணம் இல்லை. சந்தேகத்தை வைத்து ஒருவரைச் சிறைக்கு அனுப்ப முடியாது. மீறல் மனு தள்ளுபடி. ஆனால் வழக்கு முடியும்வரை மிஷினை விற்கவோ, வேறு இடத்துக்கு மாற்றவோ, பிரிக்கவோ கூடாது என்று புதிய தடை. அமீனாவுக்கு இரண்டு வருட ஊதிய உயர்வு நிறுத்தம். பழைய அறிக்கைகளைப் பற்றி விளக்கம் கேட்டு ஒரு கடிதமும் வந்தது. சக அமீனாக்கள் ஆளுக்கொரு எழுது அட்டை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டார்கள். நாய் துரத்தும்போது அட்டையையும் தூக்கிக்கொண்டு ஓடவேண்டியிருக்கிறது என்று அவர் காதுபட அலுத்துக்கொண்டார்கள்.

நிதி நிறுவனம் பறிமுதல் செய்தவற்றைப் போட்டுவைக்கும் கிடங்கு ஊருக்கு வெளியே, கம்பி வேலி போட்ட வெறும் மனை. புதிய தடையை அங்கே கொடுத்து, கதவிலும் ஒட்டி, மிஷின் இருக்கும் நிலையைப் பார்த்து எழுதிக்கொண்டு வரவேண்டியவரும் இவர்தான். அந்த வட்டாரம் அவருடையது. முந்தின இரண்டு நாளும் நல்ல மழை. அவர் போய்ச் சேர்ந்தபோது அட்டைப்பெட்டிக்காரம்மா கதவுக்கு வெளியே நின்றிருந்தார்.

“நான் எவ்ளோ சொல்லியும் உள்ள விடமாட்டேங்கிறாரு” என்றார், இவரைப் பார்க்காமல் காவலாளியைப் பார்த்து.

“பாக்கிக்காரங்கள விட்டா என் சீட்டக் கிழிச்சுருவாங்கம்மா” என்றார் காவலாளி. “கோர்ட்டு சார் மட்டும் போகலாம்.”

அமீனா உள்ளே போனார். ஜப்தியான லாரிகள், ஒரு சோளம் அரைக்கும் யந்திரம், வரிசையாகத் தையல் மிஷின்கள். அவற்றைத் தாண்டிக் கடைசியில் அது, தார்ப்பாய்க்குக் கீழே. திரும்பி வர இருபது நிமிடம் ஆனது. கையெல்லாம் கறுப்பாக இருந்தது.

“இருக்கா?” என்றார் அந்தம்மா.

“இருக்கும்மா. இடது பக்கம் தார்ப்பாய் வெலகியிருந்துச்சு. இழுத்து மூடி நாலு கல்ல தூக்கி வெச்சேன்.”

“தண்ணி?”

“தட்டு மேல நின்னுச்சு, துடைச்சுட்டேன். ரோலர் ஓரத்துல துருப் புடிச்சிருக்கு. ஒரு கை அகலம் இருக்கும். துடைச்சுப் பாத்தேன், போகல.”

அவர் அமீனாவின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு சற்றுத் தள்ளிப் போய், மிஷின் ரிப்பேர் செய்கிறவருக்குப் போன் போட்டார்.

“ரோலர்ல துருவாம். ஒரு கை அகலத்துக்கு... இல்லப்பா, என்னை உள்ளயே விடல. அமீனா பாத்துச் சொன்னாரு.” எதிர்ப்பக்கம் ஏதோ கேட்டார்கள். “ஆமா, அந்த ஆளேதான்.” மறுபடியும் ஏதோ கேட்டார்கள். அவர் கம்பி வேலியைப் பிடித்துக்கொண்டார்.

“அவரு சொன்னா அவ்ளோதான் இருக்கும். சரிபண்ண எவ்ளோ ஆகும்னு நீ சொல்லு.”